துலால் தத்தாவின் மேசை

சத்யஜித் ரேயின் படங்களை முதலிலிருந்து கடைசி வரை வரிசையாகப் பார்க்கிறவர்கள் டைட்டில் கார்டில் ஒன்றைக் கவனித்திருப்பார்கள். பெயர்கள் மாறிக்கொண்டே வரும். இசைக்கு முதலில் ரவிசங்கர். 'ஜல்சாகர்' படத்துக்கு விலாயத் கான், 'தேவி'க்கு அலி அக்பர் கான். 1961-இல் வந்த 'தீன் கன்யா'விலிருந்து ரேயே இசையமைக்கிறார். ஒளிப்பதிவில் சுப்ரத மித்ராவின் பெயர் 1966-இன் 'நாயக்'கோடு நின்றுவிடுகிறது. பிறகு பெரும்பாலும் சௌமேந்து ராய்தான். கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா எழுபதுகளில் விலகிப் போகிறார். கேமராவை இயக்கும் வேலையைக்கூட 'சாருலதா' காலத்திலிருந்து ரே தன் கையில் எடுத்துக்கொள்கிறார். முக்கியமான கலைஞர்களில் 1955-இன் 'பதேர் பாஞ்சாலி'யிலும் 1991-இன் 'ஆகந்துக்'கிலும் தன் இடத்திலேயே இருப்பவர் ஒருவர்தான். படத்தொகுப்பு: துலால் தத்தா.

முப்பத்தாறு ஆண்டுகள். அந்தக் காலத்தில் ரே எடுத்த முழுநீளப் படங்கள் எல்லாம் தத்தாவின் மேசையைக் கடந்துதான் திரைக்குப் போயின. ஆனால் ரேயைப் பற்றி வந்த புத்தகங்களை அடுக்கினால் ஓர் அலமாரி நிறையும். தத்தாவைப் பற்றிய பக்கங்களைச் சேர்த்தால் ஒரு மெல்லிய நோட்டுக்கூட நிறையாது. இதற்கு ஒரு காரணம் சொல்வார்கள்: "ரே கேமராவிலேயே எடிட் செய்துவிடுவார். எடிட்டருக்கு ஒட்டுகிற வேலைதான்." இந்தப் பேச்சு சினிமாக்காரர்களிடமும் உண்டு, ரசிகர்களிடமும் உண்டு. இது பாதி உண்மை. மீதிப் பாதி எங்கே இருக்கிறது என்பதைத்தான் சொல்ல நினைக்கிறேன். டீ ஆறுவதற்குள் சொல்லி முடிக்கிற விஷயமல்ல, நிதானமாகவே போவோம்.

முதலில் அந்த மேசையில் என்ன நடக்கும் என்று பார்த்துவிடலாம். இன்றைக்குக் கணினியில் விரல் நுனியால் வெட்டி ஒட்டுகிறவர்களுக்கு அது வேறு யுகம்.

படப்பிடிப்பில் ஓடிய நெகட்டிவ் லேபுக்குப் போகும். அதிலிருந்து ஒரு பாசிட்டிவ் பிரிண்ட் போட்டு எடிட்டரிடம் தருவார்கள். இதற்கு ரஷ் என்று பெயர். எடிட்டர் தொடுவது இந்தப் பிரிண்டைத்தான். நெகட்டிவ் பத்திரமாக லேபிலேயே இருக்கும். ஒலி தனி நாடாவில் இருக்கும். கிளாப் பலகை சேர்கிற பிரேமையும் அந்த 'டப்' என்ற சத்தத்தையும் ஒன்றாக வைத்துப் படத்தையும் ஒலியையும் இணைத்துக்கொள்ள வேண்டும். 35 மில்லிமீட்டர் பிலிமில் ஒரு அடிக்கு 16 பிரேம். ஒரு நொடிக்கு 24 பிரேம் ஓடுகிறது. ஆக ஒரு நிமிடத்துக்கு 90 அடி. ஆயிரம் அடி ரீல் ஒன்று பதினோரு நிமிடத்தில் தீர்ந்துவிடும். எடிட்டர் அந்தப் பிலிமை மூவியோலா என்ற எடிட்டிங் இயந்திரத்தில் ஏற்றி, முன்னும் பின்னும் ஓட்டி, மெழுகுப் பென்சிலால் ஒரு பிரேமின்மேல் கோடு போடுவார். அங்கே வெட்டு.

வெட்டியதை ஒட்டுவதற்கு அப்போது பிலிம் சிமெண்டுதான். ஒரு துண்டின் ஓரத்தில் மருந்துப் பூச்சைச் சுரண்டிவிட்டு, அதன்மேல் அடுத்த துண்டை வைத்து அழுத்தி ஒட்டுவார்கள். மனம் மாறி அதைப் பிரித்து மறுபடி ஒட்ட வேண்டுமென்றால் ஒரு பிரேமாவது போய்விடும். போன பிரேமின் இடத்தில் கறுப்புத் துண்டு வைத்துக் கணக்கைச் சரிசெய்ய வேண்டும், இல்லையென்றால் ஒலி நழுவிவிடும். அதனால் பழைய எடிட்டர்கள் வெட்டுவதற்கு முன் நெடுநேரம் பார்த்தார்கள். வெட்டிப் பார்த்துவிட்டு யோசிக்கலாம் என்ற வசதி அவர்களுக்குக் குறைவு. கடைசியில் எல்லாம் முடிந்தபின், பிலிமின் ஓரத்தில் அச்சாகியிருக்கும் எண்களை வைத்து, அதே அளவுக்கு நெகட்டிவை வெட்டி ஒட்டுவார்கள். அதற்குப் பின் திரும்ப வழியில்லை.

இப்போது கேமராவிலேயே எடிட் செய்வது என்ற பேச்சுக்கு வருவோம். அதற்கு ஒரு பொருளாதாரக் காரணம் இருந்தது. கச்சா பிலிம் வெளிநாட்டிலிருந்து வர வேண்டும். அந்நியச் செலாவணித் தட்டுப்பாடு இருந்த ஐம்பது, அறுபதுகளில் அது அளந்து கிடைத்த பொருள். ஊட்டியில் இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ் தொழிற்சாலையை அரசு தொடங்கியதற்கே இந்தத் தட்டுப்பாடுதான் காரணம். அப்போதும் கலர் பிலிம் கனவாகவே இருந்தது. ஒரே காட்சியை நான்கு கோணங்களிலிருந்து முழுதாக எடுத்து வைத்துவிட்டு, எது நன்றாக இருக்கிறது என்று மேசையில் முடிவு செய்யலாம் என்பது ஹாலிவுட்டின் பழக்கம். கல்கத்தாவில் வங்காளப் படம் எடுப்பவருக்கு அது கட்டுப்படியாகாது. ரே சிவப்புத் துணி அட்டை போட்ட நோட்டுகளில் ஒவ்வொரு ஷாட்டையும் படமாக வரைந்துகொண்டு படப்பிடிப்புக்குப் போனார். தேவையான ஷாட்டை, தேவையான அளவுக்கு மட்டும் எடுத்தார்.

இதனால் எடிட்டருக்கு வேலை குறைந்ததா? எண்ணிக்கையில் குறைந்தது, உண்மைதான். ஆனால் துணி அளவாக வந்தால் தையற்காரருக்குப் பொறுப்பு கூடுகிறதே ஒழியக் குறைவதில்லை. மாற்று ஷாட் இல்லாத இடத்தில், இருக்கிற ஷாட்டை எந்தப் பிரேமில் தொடங்குவது, எந்தப் பிரேமில் விடுவது என்ற கேள்வி மட்டுமே மிஞ்சுகிறது. அந்தக் கேள்வியில்தான் முழுப் படமும் நிற்கிறது. ஆறு பிரேம் என்பது கால் நொடி. ஒரு முகம் பேசி முடித்தபின் கால் நொடி கூடுதலாகத் திரையில் இருந்தால் அவர் எதையோ மறைக்கிறார் என்று தோன்றும். கால் நொடி முன்னதாக வெட்டினால் அவர் சொன்னதோடு விஷயம் முடிந்தது என்று தோன்றும். நடிகர் இரண்டிலும் ஒரே மாதிரிதான் நடித்திருக்கிறார்.

'பதேர் பாஞ்சாலி'யை எடுத்துக்கொள்வோம். படப்பிடிப்பு 1952 அக்டோபரில் தொடங்கியது. பணம் வந்தபோது எடுப்பது, தீர்ந்தபோது நிறுத்துவது என்று இரண்டரை ஆண்டு இழுத்தது. முதல் நாள் எடுத்தது, அப்புவும் துர்காவும் நாணல் பூத்த வெளியில் ரயிலைப் பார்க்கப் போகும் காட்சியின் ஒரு பகுதி. அடுத்த வாரம் திரும்பிப் போனபோது அந்த வெள்ளைப் பூக்களையெல்லாம் மாடுகள் மேய்ந்துவிட்டிருந்தன. மீதியை எடுக்க அடுத்த பருவம் வரை காத்திருந்தார்கள். வீடும் குளமும் கல்கத்தாவுக்குப் பக்கத்தில் போரால் கிராமம். நாணல் வெளி தொலைவில் பர்த்வான் பக்கம் பால்சிட். ரயிலும் ஒன்றல்ல, வந்த ரயில்களையெல்லாம் பிடித்து எடுத்தவை. நாம் பார்ப்பதோ ஒரே மதியம், ஒரே வெளி, ஒரே ரயில். பிள்ளைகள் வீட்டிலிருந்து ஓடுகிறார்கள், நாணலுக்குள் நுழைகிறார்கள், ரயில் போகிறது. இந்த நிலவியல் பூமியில் எங்கும் இல்லை. மேசையில் பிறந்தது.

அந்த வெளியில் அப்பு தயங்கித் தயங்கி நடக்க வேண்டும். அந்தச் சிறுவனுக்கு நடிப்புப் பழக்கம் இல்லை. வழியில் சின்னச் சின்னத் தடைகளை வைத்து, அங்கங்கே உதவியாளர்களை ஒளிந்திருந்து கூப்பிடச் சொல்லி, அந்தத் தயக்கத்தை வரவழைத்ததாக ரே எழுதியிருக்கிறார். பையன் திரும்பிப் பார்த்தது உதவியாளரை. நாம் பார்ப்பது அக்காவைத் தேடும் தம்பியை. ஷாட்டுக்கு அடுத்து என்ன வருகிறது என்பதுதான் ஷாட்டின் பொருளை நிச்சயிக்கிறது. சினிமாவில் இதைவிட அடிப்படையான விஷயம் இல்லை என்பேன்.

1954-இல் நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தைச் சேர்ந்த மன்ரோ வீலர் கல்கத்தா வந்து படத்தின் புகைப்படங்களைப் பார்த்தார். அங்கே நடக்கவிருந்த இந்தியக் கண்காட்சியில் படத்தைத் திரையிடலாம் என்றார். அதன்பின் நாள் குறித்தாயிற்று. 1955 மே 3-ஆம் தேதித் திரையிடலுக்காகக் கடைசிக் கட்டத் தொகுப்பை ரேயும் தத்தாவும் இரவு பகல் பாராமல் செய்து முடித்தார்கள். சப்டைட்டில் போட நேரமில்லை, அப்படியே அனுப்பினார்கள். கல்கத்தாவில் ஆகஸ்டில்தான் வெளியானது.

இந்த அவசரம் படத்தில் தெரிகிறதா? தெரிகிறது என்று சொன்னவர் ரேயே. படத்தைப் பெரும்பாலும் கதை வரிசையிலேயே எடுத்தார்கள். எடுக்க எடுக்கத்தான் கற்றுக்கொண்டார்கள். அதனால் பின்பாதி இறுக்கமாக இருக்கிறது, முன்பாதியில் ஓட்டம் சில இடங்களில் தடுமாறுகிறது, இன்னும் வெட்டினால் மேம்படும் என்று பிற்காலப் பேட்டி ஒன்றில் சொல்லியிருக்கிறார். நான் இதை முழுதாக ஏற்கவில்லை. இந்திர் பாட்டி வாசலில் உட்கார்ந்திருக்கும் அந்த நீண்ட நிமிடங்கள் சுருங்கியிருந்தால், அவள் இறந்து செம்பு உருண்டு குளத்தில் விழும்போது நமக்கு இப்படி வலிக்காது. ஆனால் தன் முதல் படத்தைப் பற்றி உலகமே வியந்தபின்னும், "இந்த இடத்தில் வெட்டு சரியில்லை" என்று சொல்லும் இயக்குநரோடு முப்பத்தாறு வருடம் உட்கார்ந்து வேலை செய்வது எப்படிப்பட்ட பயிற்சி என்று எண்ணிப் பாருங்கள்.

இசை இன்னொரு சோதனை. ரவிசங்கருக்குக் கிடைத்தது ஒரே ஓர் இரவு. இரவெல்லாம் வாசித்து முடித்தார். படம் முழுதாகத் தொகுக்கப்படுவதற்கு முன்பே பதிவான இசை அது. சில காட்சிகளுக்கு இசை இல்லாமல் போனது. ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ராவே சிதார் வாசித்து நிரப்பிய இடமும் உண்டு. கையில் இருக்கிற இசைத் துண்டுகளின் நீளம் ஒன்று, ஷாட்டுகளின் நீளம் ஒன்று. மழைக்கு முன் குளத்தின்மேல் பூச்சிகள் வழுக்கிக்கொண்டு போகும் அந்தக் காட்சியில் சிதாரும் பூச்சிகளும் ஒன்றுக்கொன்று பிறந்தவை போல இருக்கின்றன. அந்தப் பொருத்தம் பிலிமை அங்குலம் அங்குலமாக நகர்த்தி வந்தது.

துர்கா இறந்தபின் அப்பா ஹரிஹர் ஊர் திரும்பும் காட்சிக்கு வருவோம். அவருக்கு எதுவும் தெரியாது. வாங்கி வந்த பொருள்களை ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டுகிறார். துர்காவுக்கு வாங்கிய புடவையை எடுத்துத் தருகிறார். தாய் சர்பஜயா அதைப் பற்றிக்கொண்டு உடைகிறாள். அந்த அழுகை நம் காதில் விழாது. கருணா பானர்ஜி வாய்விட்டு அழுதுதான் நடித்தார். அந்த ஒலியை எடுத்துவிட்டு, அதன் இடத்தில் தார் ஷெனாயின் உச்சஸ்தாயியை வைத்தார்கள். முகம் அழுகிறது, கருவி கதறுகிறது. ஓர் ஒலியை நீக்குவதும் தொகுப்புதான் என்று மாணவர்களுக்குக் காட்ட இதைவிட நல்ல இடம் எனக்குத் தெரியவில்லை. நீக்கியது மட்டுமல்ல, எப்போது நீக்கியது என்பதையும் பாருங்கள். ஹரிஹர் பேசிக்கொண்டே இருக்கும் வரை சாதாரண ஒலிகள்தான். வாத்தியம் கொஞ்சம் முன்னதாக வந்திருந்தால் அது அறிவிப்பாகியிருக்கும். கொஞ்சம் பின்தங்கியிருந்தால் அவள் அழுகையை நாம் கேட்டிருப்போம்.

அடுத்த ஆண்டு 'அபராஜிதோ'. காசியில் ஹரிஹர் சாகக் கிடக்கிறார். விடியற்காலையில் அப்பு கங்கை நீர் கொண்டுவருகிறான். வாயில் ஊற்றுகிறார்கள். தலை சாய்கிறது. அந்த நொடியில் வெட்டு: புறாக் கூட்டம் படபடவென்று வானில் எழுகிறது. இதைப் பற்றி ஏராளமாக எழுதியிருக்கிறார்கள். உயிர் பறக்கிறது, ஆன்மா போகிறது என்றெல்லாம். அதற்குள் நான் போகவில்லை. செய்முறையை மட்டும் பாருங்கள். தலை சாய்வதற்கும் புறா எழுவதற்கும் நடுவில் மூச்சுவிட இடமில்லை. ஒரு அசைவு கீழே போகிறது, அடுத்தது மேலே எழுகிறது. கண்ணுக்கு அது ஒரே வீச்சு. தலை சாய்ந்தபின் ஒரு நொடி தாமதித்து அழுகையைக் காட்டிவிட்டுப் புறாவைக் காட்டியிருந்தால் அது வெறும் உவமையாகிப் போயிருக்கும். 1957-இல் வெனிஸ் விழாவில் அந்தப் படம் தங்கச் சிங்கம் பெற்றது.

'அபூர் சன்சா'ரில் வேறு வகை. அப்புவும் மனைவி அபர்ணாவும் தியேட்டரில் புராணப் படம் பார்க்கிறார்கள். திரையின் சதுரம் அப்படியே கரைந்து, குதிரை வண்டியின் பின்பக்க ஜன்னலாகிறது. படம் முடிந்து வீடு திரும்புகிறார்கள் என்பதை ஒரு வார்த்தை இல்லாமல் சொல்லியாயிற்று. இப்படிப்பட்ட கரைதலை மேசையில் செய்ய முடியாது. எத்தனையாவது பிரேமில் தொடங்கி எத்தனையாவதில் முடிய வேண்டும் என்று எழுதி லேபுக்கு அனுப்பி, வந்ததைப் பார்த்துச் சரியில்லையென்றால் மறுபடி எழுதி அனுப்ப வேண்டும்.

இதில் எது ரேயின் முடிவு, எது தத்தாவின் முடிவு என்று பிரித்துக் கணக்குப் போடும் ஆசை எனக்கு இல்லை. அப்படிப் பிரிக்கிறவர்கள் தொகுப்பை உரிமைப் பத்திரம் போலப் பார்க்கிறார்கள். ஒரே மூவியோலா முன்னால் இரண்டு பேர் உட்கார்ந்திருக்கும்போது, ஒருவர் "இங்கே" என்பதற்குள் மற்றவர் கை பென்சிலை எடுத்திருக்கும். அந்த நிலை வருவதற்கு ஆண்டுகள் ஆகும். ஒளிப்பதிவிலும் இசையிலும் ஆட்களை மாற்றிய, தானே செய்துகொண்ட ரே, இந்த நாற்காலியை மட்டும் மாற்றவும் இல்லை, தானே உட்காரவும் இல்லை. அதைவிட அழுத்தமான சான்றிதழ் வேறென்ன வேண்டும்?

1962-இன் 'காஞ்சன்ஜங்கா' ஒரு விசித்திரமான சவால். டார்ஜிலிங்கில் ஒரு குடும்பம் மாலை உலாப் போகிறது. கதையின் நேரமும் படத்தின் நேரமும் ஏறத்தாழ ஒன்று. பல ஜோடிகள் பல பாதைகளில் நடக்கிறார்கள். ஒருவரை விட்டு மற்றவரிடம் போய்த் திரும்பினால், இடைப்பட்ட நிமிடங்களில் அவர் நடந்திருக்க வேண்டிய தூரம் நடந்திருக்க வேண்டும். வெயில், மேகம், மூடுபனி எல்லாமும் வரிசையாக வர வேண்டும். கணக்குத் தவறினால் முழுக் கட்டடமும் சரிந்துவிடும்.

ஆனால் எனக்கு மிகவும் பிடித்த இடம் 1970-இன் 'அரண்யேர் தின் ராத்ரி'யில் வரும் ஞாபக விளையாட்டு. காட்டுக்குச் சுற்றுலா வந்த நான்கு இளைஞர்களும் அங்கே சந்தித்த இரண்டு பெண்களும் வட்டமாக உட்கார்ந்திருக்கிறார்கள். ஒருவர் ஒரு புகழ்பெற்ற பெயர் சொல்ல வேண்டும். அடுத்தவர் அதைச் சொல்லித் தன் பெயர் ஒன்றைச் சேர்க்க வேண்டும். இப்படி நீண்டுகொண்டே போகும். மறந்தவர் வெளியே. தாகூர், கார்ல் மார்க்ஸ், கிளியோபாட்ரா என்று தொடங்குகிறது. கதை என்று பார்த்தால் ஒன்றுமே நடக்கவில்லை. ஆறு பேர் பெயர் சொல்கிறார்கள், அவ்வளவே.

முதல் சுற்றில் கேமரா வட்டத்தைச் சுற்றி வருகிறது. யார் எங்கே உட்கார்ந்திருக்கிறார் என்பது நமக்குப் பதிந்துவிடுகிறது. இதற்குப் பின்தான் வெட்டுகளின் வேலை. பேசுகிறவரை விட்டுக் கேட்கிறவருக்கு வெட்டு போகிறது. யார் யாரைப் பார்க்கிறார், யார் பார்க்காததுபோல் பார்க்கிறார் என்பது தெரியவருகிறது. ஒவ்வொருவராக வெளியேற, வட்டம் சுருங்குகிறது. வெட்டுகள் இரண்டு முகங்களுக்கு நடுவே மட்டும் போய் வருகின்றன. ஒருபக்கம் சௌமித்ர சாட்டர்ஜி, மறுபக்கம் ஷர்மிளா தாகூர். அவனுக்கு ஜெயித்தே ஆக வேண்டும். அவளுக்கு எல்லாப் பெயரும் ஞாபகம் இருக்கிறது; ஆனாலும் மறந்துவிட்டேன் என்று விட்டுக்கொடுக்கிறாள். அவள் வேண்டுமென்றே தோற்றாள் என்று வசனம் அங்கே சொல்வதில்லை. அவள் முகத்தில் வெட்டு எவ்வளவு நேரம் நின்றது என்பதிலிருந்து நாமே தெரிந்துகொள்கிறோம். பேசுகிறவரைக் காட்டுவது எல்லோருக்கும் தெரியும். கேட்கிறவரை எப்போது காட்டுவது என்று தெரிந்தவர்தான் எடிட்டர்.

அதே ஆண்டு வந்த 'பிரதித்வந்தி'யைப் பார்த்தால் அதே மேசையிலிருந்துதான் இதுவும் வந்ததா என்று கேட்கத் தோன்றும். படம் நெகட்டிவ் பிம்பத்தில் தொடங்குகிறது. கறுப்பு வெள்ளையாகவும் வெள்ளை கறுப்பாகவும் ஒரு சாவு. வேலை தேடும் சித்தார்த்தன் தெருவில் ஒரு பெண்ணைப் பார்க்கிறான். மருத்துவக் கல்லூரியில் உடற்கூறு பற்றிப் படித்த பாடம் சட்டென்று நடுவில் வெட்டிக்கொண்டு வருகிறது. நேர்முகத் தேர்வுக்காகப் புழுக்கத்தில் காத்திருக்கும் இளைஞர்கள் ஒரு கணம் எலும்புக்கூடுகளாகத் தெரிகிறார்கள். அன்றைய கல்கத்தா கொதித்துக்கொண்டிருந்தது. நிதானமான வெட்டு அந்த ஊருக்குப் பொய்யாக இருந்திருக்கும். தத்தாவுக்கென்று தனி பாணி இல்லை என்று சொல்லிக் குறைக்கிறவர்கள் இந்த இரண்டு படங்களையும் அடுத்தடுத்துப் பார்க்க வேண்டும். படத்துக்குப் படம் கை மாறுவதை நான் பெரிய திறமையாகவே நினைக்கிறேன்.

நமக்குப் பக்கத்தில் வரும் இரண்டு வேலைகளையும் சொல்லாமல் விட முடியாது. 1969-இன் 'கூப்பி கைன் பாகா பைன்' படத்தில் பேய்கள் ஆடும் நடனம் ஒன்று உண்டு. ஆறு நிமிடத்துக்கு மேல் நீள்வது. ராஜாக்கள், குடியானவர்கள், வெள்ளைக்காரர்கள், தொந்தி பெருத்தவர்கள் என்று நான்கு வர்க்கப் பேய்கள். பாட்டு இல்லை, சுருதி வாத்தியம் இல்லை. மிருதங்கம், கடம், கஞ்சிரா, மோர்சிங் என்று நம்முடைய தாளவாத்தியக் கச்சேரியைத்தான் ரே எடுத்துக்கொண்டார். ஒவ்வொரு கூட்டமும் தனியாக ஆடி, பிறகு தங்களுக்குள் அடித்துக்கொண்டு, கடைசியில் திரையில் நான்கு அடுக்காக ஒன்றன்மேல் ஒன்றாக ஆடுகின்றன. தாளத்துக்கு வெட்டுவது எளிது என்று நினைப்போம். ஒவ்வொரு அடியிலும் வெட்டினால் அது கடிகாரமாகிவிடும். தாளத்தைச் சில இடங்களில் பிடித்து, சில இடங்களில் விட்டுக்கொடுத்து வெட்டினால்தான் ஆட்டம் ஆட்டமாக இருக்கும். தனியாவர்த்தனம் கேட்டுப் பழகிய காதுக்கு இது உடனே புரியும்.

இன்னொன்று 'பாலா'. 1976-இல் மும்பையின் தேசிய நிகழ்த்துகலை மையமும் தமிழ்நாடு அரசும் சேர்ந்து தயாரித்த பாலசரஸ்வதி பற்றிய ஆவணப்படம், அரைமணி நேரம்தான். தத்தாதான் தொகுத்தார். பாலசரஸ்வதிக்கு அப்போது ஐம்பத்தெட்டு வயது. கடற்கரையில் காற்று புடவையை இழுக்க, அவர் கண்ணனை அழைக்கும் பதம் ஒன்றுக்கு ஆடுகிறார். அந்த இடத்தில் சுறுசுறுப்பான எடிட்டர் என்ன செய்வார்? கையை அருகில் காட்டுவார், கண்ணைக் காட்டுவார், அலையைக் காட்டுவார். இங்கே அதெல்லாம் இல்லை. அபிநயம் என்பது முகம், கை, உடல் மூன்றும் ஒரே நேரத்தில் சொல்வது. அதைத் துண்டாக்கினால் கலைந்துவிடும். வர்ணத்திலும் அப்படித்தான், ஆடுகிறவர் முழு உருவமாகத் திரையில் நிற்கிறார். பரதநாட்டியத்தைப் படம் பிடிக்கிற நம் ஊர்க்காரர்கள் இன்றைக்கும் இதைக் கற்றுக்கொள்ளவில்லை என்பது எனக்கு வருத்தம்.

1983-இல் 'கரே பாய்ரே' வேலைகளின் நடுவே ரேக்கு மாரடைப்பு. அதன்பின் டாக்டர்கள் வெளிப்புறப் படப்பிடிப்பைத் தடுத்தார்கள். 'கணசத்ரு' முழுக்க ஸ்டுடியோ அறைகளுக்குள் பேச்சாகவே நடக்கிறது. இந்தக் கடைசிப் படங்களை நாடகம் என்று ஒதுக்குகிறவர்கள் உண்டு. 'கணசத்ரு'வைப் பொறுத்தவரை எனக்கும் அந்தக் குறை ஓரளவு உண்டு. ஆனால் 'ஆகந்துக்'கை அப்படித் தள்ள முடியாது. முப்பத்தைந்து வருடம் கழித்து வீட்டுக்கு வரும் மாமா உண்மையான மாமாதானா என்று குடும்பம் சந்தேகிக்கிறது. குடும்ப நண்பர் ஒருவர், வழக்கறிஞர், அவரை உட்காரவைத்து விசாரிக்கிறார். நாகரிகம் என்றால் என்ன, காட்டுமிராண்டி யார் என்று பேச்சு நீள்கிறது. அந்த நீண்ட காட்சியில் பேசுகிறவர்களை மட்டும் பார்க்காதீர்கள். கணவனும் மனைவியும் எப்போதெல்லாம் திரைக்கு வருகிறார்கள் என்று பாருங்கள். மனைவியாக நடித்த மமதா சங்கரின் முகம் வரும் ஒவ்வொரு தடவையும் அவளுடைய சந்தேகம் ஒரு படி இறங்கி, வெட்கம் ஒரு படி ஏறியிருக்கிறது. காட்டில் ஞாபக விளையாட்டுக்குச் செய்த அதே வேலை, இருபத்தோரு வருடம் கழித்து ஒரு வரவேற்பறையில்.

ரே 1992 ஏப்ரலில் இறந்தார். தத்தா 2010-இல் இறந்தார். இடையில், 1993-இல், லண்டனில் ஹெண்டர்சன் லேபில் தீப்பிடித்தது. அங்கே வைத்திருந்த அப்பு படங்கள் மூன்றின் மூல நெகட்டிவ்களும் அதில் கருகின. கருகிய சுருள்களை அமெரிக்காவின் அகாடமி ஆவணக்காப்பகம் பாதுகாத்து வைத்தது. பல ஆண்டுகள் கழித்து இத்தாலியில் பொலோன்யா நகரத்துக் கைவினைஞர்கள், வளைந்து ஒட்டிக்கிடந்த பிலிமைப் பிரித்து, ஓரத்துத் துளைகளைக் கையால் செப்பனிட்டார்கள். புதுப்பித்த பிரதிகள் 2015-இல் வெளிவந்தன. 'பதேர் பாஞ்சாலி'யில் நாற்பது சதவீதமும் 'அபராஜிதோ'வில் அறுபது சதவீதத்துக்கு மேலும் பழைய நெகட்டிவிலிருந்து மீண்டன. 'அபூர் சன்சா'ரின் நெகட்டிவ் எதற்கும் உதவவில்லை. மீதியெல்லாம் உலகத்தின் வெவ்வேறு இடங்களிலிருந்த நகல்களிலிருந்து எடுக்கப்பட்டவை. ஆனால் எந்த நகலை எடுத்தாலும் ஷாட்டுகளின் வரிசையும் நீளமும் தத்தா மெழுகுப் பென்சிலால் குறித்த இடத்திலேயே இருந்தன. ஒரு நகலில் பாதியும் இன்னொன்றில் மீதியும் எடுத்துச் சேர்க்க முடிந்தது அதனால்தான். தியேட்டர் திரை கரைந்து வண்டி ஜன்னலாகும் அந்த இடம், மூல நெகட்டிவ் இல்லாமலேயே, இன்றைக்கும் அதே பிரேமில் வருகிறது.